கடைசி பஸ்ஸும் நம் இலக்கியக் கூட்டங்களும்

சில மாதங்களுக்கு முன்பு கோலாலம்பூரில் ஒரு நூல் வெளியீடு. ஆறு மணிக்குத் தொடங்க வேண்டிய நிகழ்ச்சி வழக்கம்போல ஆறே முக்காலுக்குத் தொடங்கியது. வாழ்த்துரை, தலைமையுரை, சிறப்புரை, பொன்னாடை, மாலை, முதல் நூல் பெறுதல் எல்லாம் முடிந்து நூலாசிரியர் ஒலிவாங்கிக்கு முன் வந்து நின்றபோது மணி எட்டு இருபது. அவர் பேசத் தொடங்கிய இரண்டாவது நிமிடத்தில் பின்வரிசையில் இருந்த ஓர் இளம்பெண் பையை எடுத்துக்கொண்டு வெளியேறினார். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மூத்த எழுத்தாளர் குனிந்து சொன்னார்: “பாத்தீங்களா தம்பி, இந்தக் காலத்துப் பிள்ளைங்களுக்குப் பொறுமையே இல்ல. படம் புடிச்சாச்சி, கெளம்பியாச்சி.”

நானும் தலையாட்டினேன். அந்தத் தலையாட்டலுக்கான பரிகாரம்தான் இந்தக் கட்டுரை.

இரண்டு நாள் கழித்து அந்தப் பெண்ணே எனக்குச் செய்தி அனுப்பியிருந்தார். நாவலைப் பற்றி நூலாசிரியரிடம் கேட்க ஒரு கேள்வி வைத்திருந்தாராம். கேட்க முடியவில்லை, அவருடைய மின்னஞ்சல் முகவரி கிடைக்குமா என்று கேட்டிருந்தார். கேள்வியைப் படித்தேன். அன்றைக்கு மேடையில் பேசிய ஐந்து பேரில் மூன்று பேர் அந்த நாவலைப் படிக்கவில்லை என்பது எனக்குத் தெரியும். இந்தப் பெண் முழுதாகப் படித்துவிட்டு வந்திருக்கிறார். “ஏம்மா பாதியில போயிட்டீங்க?” என்று கேட்டேன். “பஸ் இல்ல சார்” என்றார்.

அவர் வீடு காப்பார் பக்கம். வீட்டிலிருந்து கிள்ளானுக்கு ஒரு பேருந்து. கிள்ளானிலிருந்து கேஎல் சென்ட்ரலுக்குக் கொம்யூட்டர் ரயில். அங்கிருந்து எல்ஆர்டி. இறங்கியபின் ஆறு வழிச் சாலையைக் குறுக்கே கடந்து இருபது நிமிட நடை. பாதசாரிகள் கடக்க அங்கே பாலமும் இல்லை, சிக்னலும் இல்லை. போவதற்கு இரண்டரை மணி நேரம், வருவதற்கும் அதே. கிள்ளானில் கடைசிப் பேருந்தைத் தவறவிட்டால் கிரேப் பிடிக்க வேண்டும். இரவு பத்தரைக்குத் தெரியாத ஆள் காரில் தனியாக வருவதை வீட்டில் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். அதனால் எட்டு இருபதுக்கு எழுந்து போனார்.

ஐந்து மணி நேரம் பயணம் செய்து ஒரு நாவலைப் பற்றிக் கேட்க வந்த வாசகரைத்தான் நாங்கள் இருவரும் பொறுமை இல்லாதவர் என்றோம். நானோ பூச்சோங்கிலிருந்து என் மைவியில் வந்தவன். கார்பார்க்குக்கு எட்டு வெள்ளி கொடுத்ததையே பெரிய தியாகமாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

“கூட்டத்துக்கு இளைஞர்களே வர்றதில்ல, பெண்கள் வர்றதில்ல” என்பது நம் இலக்கியச் சூழலில் முப்பது ஆண்டுகளாகக் கேட்கும் புலம்பல். இதற்குக் காரணமாகக் கைப்பேசியைச் சொல்வோம், கொரிய நாடகத்தைச் சொல்வோம், தமிழ்ப்பள்ளியைச் சொல்வோம். கூட்டம் நடக்கும் இடத்துக்குப் பேருந்து வருகிறதா, கூட்டம் முடியும் நேரத்துக்கு ரயில் இருக்கிறதா என்று யாரும் கேட்டதில்லை. அழைப்பிதழில் ‘கார் நிறுத்தும் வசதி உண்டு’ என்று கொட்டை எழுத்தில் போடுவோம். எந்த நிலையத்தில் இறங்க வேண்டும் என்று போட்ட அழைப்பிதழ் ஒன்றையாவது நீங்கள் பார்த்திருந்தால் எனக்கு அனுப்புங்கள்.

*

கார் நமக்கு ஏன் இவ்வளவு முக்கியமானது என்பதை நான் ஏளனமாகப் பேசப்போவதில்லை. என் அம்மா பால் மரம் வெட்டியவர். அவருடைய தோட்டத்திலிருந்து டவுனுக்குப் போக லாரிதான். தீபாவளிக்குத் துணி எடுக்கவும், பிள்ளையை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போகவும் கிராணியிடம் கெஞ்ச வேண்டும். எங்கே போவது, எப்போது போவது, போகலாமா கூடாதா என்பதை எல்லாம் இன்னொருவன் முடிவு செய்த வாழ்க்கை அது. அப்படிப்பட்ட குடும்பத்தில் முதல் கார் வந்து நின்றபோது அதற்கு எலுமிச்சம்பழம் வைத்து, தேங்காய் உடைத்து, சந்தனம் பூசியதில் ஆச்சரியம் ஒன்றுமில்லை. இனி யாரிடமும் கேட்க வேண்டாம் என்ற நிம்மதிக்குத்தான் அந்தப் பூஜை.

ஆனால் அந்த நிம்மதியை நமக்குக் கொடுத்த அதே காலம்தான் வேறொன்றைப் பறித்தது. 1983இல் புரோட்டோன் நிறுவப்பட்டது. 1985இல் சாகா வெளிவந்தது. 1994இல் பெரோடுவாவின் கஞ்சில் வந்தது. சொந்தக் கார் என்பது தேசத்தின் திட்டமாகவே ஆனது. நெடுஞ்சாலை, டோல், மலிவு பெட்ரோல், ஒன்பது ஆண்டு வரை இழுக்கும் கார் கடன் எல்லாம் அதற்கு ஏற்றபடி வந்தன. 1975இல் தொடங்கி, சில பத்துக் காசுகளுக்கு நகரம் முழுக்க ஆட்களைத் திணித்துக்கொண்டு ஓடிய பிங்க் நிற மினி பஸ்கள் 1998இல் நிறுத்தப்பட்டன. அந்த மினி பஸ் சொர்க்கம் என்று சொல்லமாட்டேன். அதில் தொங்கியவன் நான். ஆனாலும் அது வந்தது. காத்திருந்தால் வரும் என்ற நம்பிக்கை இருந்தது.

அதே எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும்தான் கிள்ளான் பள்ளத்தாக்கின் தோட்டங்கள் வீடமைப்புத் திட்டங்களாக மாறின. லயத்தில் இருந்தவர்களை வெளியேற்றி, ஊர் ஓரத்து மலிவு விலை அடுக்குமாடிகளில் போட்டார்கள். முன்பு வேலை வாசலில் இருந்தது. இப்போது வேலை முப்பது கிலோமீட்டர் தள்ளி இருந்தது. நடுவில் பேருந்து இல்லை. வெளியேற்றத்தைப் பற்றி நாம் நிறைய எழுதியிருக்கிறோம். கோயில் உடைபட்டதையும் பள்ளி இடம் மாறியதையும் எழுதியிருக்கிறோம். பேருந்து இல்லாத அடுக்குமாடியில் இறக்கிவிடப்பட்டவர்கள் அடுத்த நாள் காலையில் வேலைக்கு எப்படிப் போனார்கள் என்பதைத்தான் நாம் எழுதவில்லை.

எப்படிப் போனார்கள்? மோட்டாரில் போனார்கள். இந்த நாட்டில் சாலை விபத்துகளில் ஆண்டுக்கு ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் சாகிறார்கள். அதில் பாதிக்கும் மேல் மோட்டார் சைக்கிளில் போனவர்கள். நம் ஒவ்வொரு குடும்பத்திலும் ஒரு சாவு இருக்கிறது: தொழிற்சாலை இரவு வேலை முடிந்து வந்த அண்ணன், மழையில் லாரிக்கு அடியில் போன மச்சான். ‘விதி’ என்று சொல்லிக் கருமாதி செய்துவிட்டோம். அந்தப் பையனுக்கு அந்த நேரத்தில் ஒரு பேருந்து இருந்திருந்தால் என்று யாராவது ஒருவர் சாவு வீட்டில் சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? பொதுப் போக்குவரத்து என்றால் சுற்றுச்சூழல் பேசும் பங்சார் ஆட்களின் பொழுதுபோக்கு என்று நினைப்பவர்கள் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும்.

*

என் நண்பர்களிடம் இதைப் பேசினால் மூன்று பதில்கள் வரும்.

முதல் பதில்: “மொதல்ல பஸ்ஸ ஒழுங்கா விடட்டும், அப்புறம் நான் ஏறுறேன்.” நியாயமாகத்தான் தெரிகிறது. ஆனால் பேருந்தில் ஏறாதவனுக்குப் பேருந்து ஒழுங்காக வருகிறதா என்பதே தெரியாது. தெரியாதவன் கேட்கமாட்டான். கேட்கத் தெரிந்தவன், கடிதம் எழுதத் தெரிந்தவன், சட்டமன்ற உறுப்பினரின் எண்ணைக் கைப்பேசியில் வைத்திருப்பவன் எல்லாம் காரில் போய்விட்டான். நிறுத்தத்தில் மிஞ்சியிருப்பவர்கள் யார்? பள்ளிப் பிள்ளைகள், வயதானவர்கள், வீட்டு வேலைக்குப் போகும் அக்காக்கள், வங்காளதேச, நேப்பாளத் தொழிலாளர்கள். இவர்கள் புகார் செய்யமாட்டார்கள், செய்தாலும் யாரும் காதில் போட்டுக்கொள்ளப்போவதில்லை என்பது அதிகாரிகளுக்கு நன்றாகத் தெரியும்.

நாங்கள் இருந்த அடுக்குமாடிக்கு வந்துகொண்டிருந்த ஒரு பேருந்து ஒருநாள் வரவில்லை. அறிவிப்பு இல்லை. அம்மாவும் இன்னும் நான்கைந்து பேரும் மூன்று நாள் வெயிலில் நின்று பார்த்தார்கள். நான்காம் நாள் யாரோ ஒரு கடைக்காரர் சொல்லித்தான் தடம் மாற்றிவிட்டார்கள் என்று தெரிந்தது. அதன்பிறகு அம்மா சந்தைக்குப் போவது நின்றது. வெள்ளிக்கிழமைக் கோயில் நின்றது. சிநேகிதியைப் பார்க்கப் போவது நின்றது. “எங்க போகணும்னாலும் சொல்லும்மா, நான் கூட்டிட்டுப் போறேன்” என்றேன். அம்மா சொல்லவே இல்லை. கிராணியிடம் கேட்டது போதும், மகனிடமும் கேட்க வேண்டுமா என்று நினைத்திருப்பார்.

இரண்டாவது பதில்: “அரசாங்கம்தான் ரயிலுக்குக் கோடிகோடியா கொட்டுதே.” கொட்டுகிறது, உண்மைதான். 2017இல் காஜாங் எம்ஆர்டி முழுதாகத் திறக்கப்பட்டது, 2023இல் புத்ராஜெயா தடம். இரண்டும் நல்ல ரயில்கள். மாதம் 50 வெள்ளிக்கு ரெபிட் கேஎல் ரயிலிலும் பேருந்திலும் எத்தனை முறை வேண்டுமானாலும் போகலாம் என்ற பயண அட்டை இருக்கிறது. இதை நான் குறைசொல்லமாட்டேன். ஆனால் அந்த அட்டை கொம்யூட்டர் ரயிலுக்குச் செல்லாது. காப்பார் பெண்ணின் பயணத்தில் மிக நீண்ட பகுதியே கொம்யூட்டர்தான்.

இன்னொரு கணக்கையும் பாருங்கள். 2025 செப்டம்பர் இறுதியில் பூடி95 திட்டம் வந்தது. குடிமகனாக இருந்து ஓட்டுநர் உரிமமும் வைத்திருந்தால் ரோன்95 பெட்ரோல் லிட்டர் 1 வெள்ளி 99 காசு. தொடங்கியபோது மாதம் 300 லிட்டர் வரை. மானியம் இல்லாத விலை அப்போது 2 வெள்ளி 60 காசு. வித்தியாசத்தைப் பெருக்கினால் உச்சமாக மாதம் 183 வெள்ளி. காரை அதிகம் ஓட்ட ஓட்ட உதவியும் அதிகம். என் அம்மாவிடம் லைசென்ஸ் இல்லை. காப்பார் பெண்ணிடமும் இல்லை. வண்டி ஓட்டாதவர்களுக்கு இந்தப் பணத்தில் ஒரு காசு நேராகப் போவதில்லை. இதை எதிர்த்து ஒரு கட்சியும் பேசி நான் கேட்டதில்லை, கட்சிக்காரர்களும் காரில் போகிறவர்கள்தானே.

மூன்றாவது பதில்தான் எனக்கு மிகவும் எரிச்சலூட்டுவது: “நம்ம ஆளுங்களுக்கு வேற பெரிய பிரச்சன இருக்கு தம்பி.” குடியுரிமை, தமிழ்ப்பள்ளி, வேலைவாய்ப்பு, குண்டர் கும்பல். இருக்கிறது. ஆனால் பள்ளியை மூடாமல் காப்பாற்றப் பிள்ளை பள்ளிக்கு வந்துசேர வேண்டும். வேலைவாய்ப்பு என்றால் வேலைக்குப் போய்ச்சேர வேண்டும். பதினெட்டு வயதில் மோட்டார் வாங்க முன்பணம் தேடி அலைகிற பையனை யார் எந்தக் கும்பலுக்கு அழைத்துப் போகிறார்கள் என்று தாமான்களில் வேலை செய்யும் எந்தச் சமூக ஊழியரையும் கேட்டுப் பாருங்கள்.

*

இந்த நாட்டில் குடிமக்கள் கேட்டால் ஒன்றும் நடக்காது என்பதும் பொய். பெட்டாலிங் ஜெயாவின் நடுவே வரவிருந்த கிடெக்ஸ் நெடுஞ்சாலையை அங்கிருந்த குடியிருப்பாளர்கள் எதிர்த்தார்கள். 2015இல் மாநில அரசு அதைக் கைவிட்டது. கிட்டத்தட்ட அதே திட்டம் பிஜேடி லிங்க் என்ற பெயரில் திரும்பி வந்தது. மறுபடியும் கூட்டம் போட்டார்கள், ஆவணங்களைக் கேட்டார்கள், பதாகை கட்டினார்கள். 2024 ஜனவரியில் அதுவும் ரத்தானது. தாமான் சங்கக் கூட்டங்களில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து வரைபடத்தை விரித்துவைத்துப் பேசியவர்கள் செய்த வேலை இது.

ஆனால் அவர்கள் ‘வேண்டாம்’ என்று சொன்னவர்கள். வீட்டு விலை, தூசி, இரைச்சல் என்று சொந்தக் காரணம் இருந்தது. ‘வேண்டும்’ என்று கேட்பது அதைவிடக் கடினம். ஷா ஆலம் எல்ஆர்டி தடத்தை எடுத்துக்கொள்வோம். பண்டார் உத்தாமாவிலிருந்து கிள்ளான் வழியாக ஜொகான் செத்தியா வரை 37 கிலோமீட்டர். 2018இல் செலவைக் குறைக்கிறோம் என்று 31 பில்லியன் வெள்ளிக்கு மேல் இருந்த திட்டத்தை 16 பில்லியன் சொச்சமாக்கியபோது ஐந்து நிலையங்கள் தள்ளிவைக்கப்பட்டன. அதில் கிள்ளானின் புக்கிட் ராஜாவும் பண்டார் பொட்டானிக்கும் உண்டு. பிறகு வேறோர் அரசு வந்து அந்த ஐந்தையும் திரும்பச் சேர்ப்பதாக அறிவித்தது. கிள்ளானில் எத்தனை ஆயிரம் தமிழர்கள் இருக்கிறார்கள் என்று நமக்குத் தெரியும். நிலையங்கள் போன அந்த வாரம் நான் இருக்கும் நான்கு இலக்கிய வாட்ஸ்அப் குழுக்களில் இதைப் பற்றி ஒரு வரி இல்லை. ஒரு கவிஞருக்கு எந்த விருது கிடைத்திருக்கக்கூடாது என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தோம். அந்தச் சண்டையில் நானும் இருந்தேன்.

இத்தனைக்கும் இந்தத் தண்டவாளம் நமக்கு அந்நியம் இல்லை. 1885இல் தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்டுக்கு மலாயாவின் முதல் ரயில் ஓடியது. அடுத்த ஆண்டே கோலாலம்பூர்–கிள்ளான் பாதை. பாதை போட்ட கூலிகளிலும், நிலையத்தில் கணக்கெழுதியவர்களிலும் தமிழர் ஏராளம். பிரிக்ஃபீல்ட்ஸ் இந்தியர் பகுதியாக ஆனதற்கு ரயில்வே ஒரு பெரிய காரணம். காப்பார் பெண் ஏறிவரும் கிள்ளான் தடம் அந்த 1886 பாதையின் வாரிசுதான். பாட்டன் பாதை போட்ட கதையைச் சொல்லிப் பெருமைப்படுகிறோம். பேத்தி அதில் ஏறி இறங்குகிற நேர அட்டவணையைப் பார்க்க மறுக்கிறோம்.

சிங்கப்பூர் நண்பர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். அவர்கள் நம்மைப் பார்த்துச் சிரிப்பார்கள். 1975லேயே நகர மையத்துக்குள் நுழையும் கார்களுக்குக் கட்டணம் வைத்தார்கள், 1987இல் எம்ஆர்டி, 1990இல் கார் வாங்குவதற்கே உரிமைச் சான்றிதழ். பூகிஸில் தேசிய நூலகத்தில் கூட்டம் முடிந்தால் எழுத்தாளரும் வாசகரும் ஒரே ரயிலில் பேசிக்கொண்டே வீட்டுக்குப் போகிறார்கள். அந்த ஒரு காட்சிக்காகவே எனக்குப் பொறாமை உண்டு. ஆனால் அதே சிங்கப்பூரில் கட்டுமானத் தொழிலாளர்கள், அவர்களில் தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள் பலர், இன்றைக்கும் லாரியின் பின்னால் உட்கார்ந்து வேலைக்குப் போகிறார்கள். இதை நிறுத்தச் சொல்லி 2023இல் பல குடிமக்கள் அமைப்புகள் சேர்ந்து கேட்டன. தடை இப்போதைக்கு நடைமுறைக்கு ஒத்துவராது என்று அரசு சொன்னது. என் அம்மா தீபாவளிக்குப் போன அதே லாரி. அங்கேயும் கேட்க வேண்டியது பாக்கி இருக்கிறது.

*

சரி, என்ன செய்யலாம்? கட்சி தொடங்கச் சொல்லவில்லை. காரை விற்கவும் சொல்லவில்லை. என்னுடைய மைவிக்கே இன்னும் நான்கு வருடத் தவணை இருக்கிறது.

கூட்டம் நடத்துகிறவர்கள், ரயில் நிலையத்திலிருந்து நடந்து வரக்கூடிய இடத்தைத் தேடுங்கள். கிடைக்காவிட்டால் நிலையத்தில் ஒரு காரை நிறுத்தி ஆட்களை ஏற்றி இறக்குங்கள். அத்தனை பேரிடம் கார் இருக்கிறதே, இதற்காவது ஆகட்டும். மதியம் மூன்றுக்குத் தொடங்கி ஆறரைக்கு முடியுங்கள். வாழ்த்துரைகளில் பாதியை வெட்டினால் இது நடக்கும், இலக்கியத்துக்கும் நஷ்டம் இல்லை. நூலாசிரியரை முதலில் பேசவிடுங்கள். அழைப்பிதழில் நிலையத்தின் பெயரையும் பேருந்து எண்ணையும் போடுங்கள்.

வாசிக்கிற இளைஞர்கள், மாதத்தில் ஒருநாள் உங்கள் தாமானிலிருந்து பேருந்தில் போய்ப் பாருங்கள். எத்தனை மணிக்கு வர வேண்டியது, எத்தனைக்கு வந்தது, நிறுத்தத்தில் நிழல் இருக்கிறதா, நடைபாதை எங்கே முடிகிறது என்று எழுதிவையுங்கள். நான்கு வாரக் குறிப்பைத் தேதியோடு நகராண்மைக் கழகத்துக்கும் சட்டமன்ற உறுப்பினருக்கும் அனுப்புங்கள். “பஸ் சரியில்ல” என்று சொன்னால் சிரித்துவிட்டு அனுப்புவார்கள். ‘இந்தத் தேதியில் இத்தனை மணி முதல் இத்தனை மணி வரை எந்தப் பேருந்தும் வரவில்லை, பதினோரு பேர் நின்றோம்’ என்று எழுதினால் யாராவது ஒருவர் பதில் எழுதியாக வேண்டும். கிள்ளான் பள்ளத்தாக்கில் டிரான்சிட் என்ற குடிமக்கள் குழு இப்படித்தான் பயணிகள் பக்கம் நின்று பேசியது. எழுதுவதுதான் அந்த வேலையின் பாதி. நமக்கு எழுதத் தெரியும் என்றுதானே சொல்லிக்கொள்கிறோம்?

அடுத்த மாதம் நான் ஒருங்கிணைக்கும் வாசிப்புக் கூட்டத்தைப் பிரிக்ஃபீல்ட்ஸுக்கு மாற்றியிருக்கிறேன். கேஎல் சென்ட்ரலிலிருந்து பத்து நிமிட நடை. மூன்று மணிக்குத் தொடங்கி ஆறு மணிக்கு முடியும். மூத்த எழுத்தாளரிடம் சொன்னேன். “அங்க பார்க்கிங் கிடைக்காதே தம்பி” என்றார். “ரயில்ல வாங்க அண்ணே” என்றேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, “எந்த ஸ்டேஷன்ல ஏறணும்?” என்று கேட்டார்.